ஒவ்வொருவருக்கும் என்று எழுதியிருக்கிறது

சட்ட பீடத்தில் நான் சேர்ந்த முதல் செப்டெம்பரில், மாணவர் சங்கங்கள் எல்லாம் ஒரு நீண்ட மண்டபத்தில் மேசை போட்டு ஆள் சேர்த்தன. சூழல் சட்டத்துக்கு ஒரு மேசை, தொழிலாளர் சட்டத்துக்கு ஒன்று, தெற்காசிய மாணவர்களுக்கு ஒன்று. எல்லாவற்றையும் சுற்றிக் கூட்டம். கதவோரத்து மேசையில் மட்டும் ஒருவன் தனியே இருந்து அப்பிள் தின்றுகொண்டிருந்தான். பழமைவாத, சுதந்திரவாதச் சட்ட மாணவர்களின் சங்கம் என்று முன்னால் எழுதி ஒட்டியிருந்தது. அந்த மேசையைக் கடக்கும்போது ஆட்கள் கொஞ்சம் வேகமாக நடந்தார்கள்.

எனக்கு அவனைப் பார்க்கப் பாவமாக இருந்தது. அதோடு, என் சிநேகிதி நின்ற மேசையில் வரிசை நீளம். அவள் வரும்வரை காத்திருக்க வேண்டும். கிட்டப் போய், "இங்கே என்ன செய்வீர்கள்?" என்று ஆங்கிலத்தில் கேட்டேன்.

"மத்தியானங்களில் கூடி வாக்குவாதப்படுவோம்," என்றான். "பெரும்பாலும் எங்களுக்குள்ளேயே."

அவன் எனக்கு ஒரு வருடம் முந்தியவன். நாட்டின் மேற்குச் சமவெளியில் உள்ள சஸ்கச்சுவான் மாகாணத்தில் ஒரு கோதுமைப் பண்ணையில் வளர்ந்தவன். விதைத்து அறுத்த கோதுமையை இன்னாருக்குத்தான் விற்கலாம் என்று அரசு சொல்லிக்கொண்டிருந்த காலத்தில், அவனுடைய தகப்பன் அதை எதிர்த்துக் கடிதம் எழுதி எழுதிக் களைத்தவராம். அந்தக் கதையைச் சாப்பாட்டோடு சேர்த்து விழுங்கி வளர்ந்தேன் என்றான். சங்கத்தின் கொள்கை என்ன என்று கேட்டேன். அப்பிளைக் கீழே வைத்துவிட்டுச் சொன்னான்:

"அரசாங்கம் ஒரு காரியத்தைச் செய்ய வந்தால், அந்த அதிகாரம் எங்கே எழுதியிருக்கிறது என்று முதலில் கேட்க வேண்டும். சட்டத்தில் எழுதியிருப்பதை நீதிபதி வாசிக்கட்டும். பிடிக்காவிட்டால் பாராளுமன்றம் மாற்றட்டும். நீதிபதி தன் விருப்பத்தை உள்ளே எழுதக் கூடாது. இவ்வளவுதான்."

நான் என் மின்னஞ்சல் முகவரியை எழுதிக் கொடுத்தேன்.

என் சிநேகிதி நகரின் மேற்கு ஓரத்தில், ரெக்ஸ்டேலில் வளர்ந்தவள். பெற்றோர் மன்னாரிலிருந்து வந்த கத்தோலிக்கர். அகதிகளுக்கு இலவசமாக உதவும் சட்ட நிலையம் ஒன்றில் தொண்டு செய்ய முதல் கிழமையே பேர் கொடுத்திருந்தாள். நான் எந்த மேசையில் நின்றேன் என்று கேள்விப்பட்டதும் அவளுக்குக் கோபம் வந்தது.

"உனக்கென்ன விசரே? உவையள் எங்கட ஆக்களுக்கு எதிரான ஆக்கள். ஆர் யூ சீரியஸ்?"

"கூட்டத்திலை சாண்ட்விச் தருவினமாம்."

"சாண்ட்விச்சுக்குக் கட்சி மாறுறியோ? உந்தப் பண்ணைக்காரனுக்கு எங்களைப் பற்றி என்ன தெரியும்?"

பண்ணைக்காரன் என்ற பேர் அன்றே அவனுக்கு ஒட்டிவிட்டது. அவனுக்குத் தெரியாமல் நாங்கள் அவனைக் கடைசிவரை அப்படித்தான் சொன்னோம்.

முதல் கூட்டத்துக்குச் சாண்ட்விச்சுக்காகப் போனது உண்மை. தொடர்ந்து போனதற்குக் காரணம் அப்பா.

அப்பாவுக்கு இருபத்திரண்டு வயதில், கொழும்பில் ஒரு லொட்ஜில் வைத்துப் பொலிசார் அவரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். பதினொரு நாள் வைத்திருந்தார்கள். அந்த நாட்களைப் பற்றி அவர் வீட்டில் பேசுவதில்லை. ஒரேயொரு விஷயத்தை மட்டும் பகிடியாகச் சொல்வார்: "எந்தச் சட்டத்திலை பிடிக்கிறீங்கள் எண்டு கேட்டனான். பெரிய சட்டம் எண்டான்." ஸ்காபரோவின் அஜின்கோர்ட்டில் எங்கள் வீட்டுக்குள் அது ஒரு சொல்வழக்காகவே ஆகிவிட்டது. பள்ளிச் சிநேகிதி ஒருத்தி வீட்டில் ஏன் தங்கக் கூடாது என்று நான் கேட்டால், "பெரிய சட்டம்" என்பார். அம்மாவும் சிரிப்பார். வளர்ந்த பிறகுதான் அதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று யோசித்தேன்.

ஆகவே, "அது எங்கே எழுதியிருக்கிறது?" என்ற கேள்வி எனக்குப் புதிதாக இருக்கவில்லை. அதை அப்பா ஒரு லொட்ஜ் வாசலில் நின்று கேட்டிருக்கிறார். சட்டத்தின் சொல்லை இழுத்து நீட்டக்கூடியவன் எப்போதும் பலமுள்ளவன்தான். சொல்லுக்கு ஒரு நிலையான பொருள் இருந்தால், பலமில்லாதவனுக்கும் பற்றிப் பிடிக்க ஒரு கொழுகொம்பு இருக்கும். முதலாம் ஆண்டில் எனக்கு அப்படித்தான் விளங்கியது. இன்றைக்கும் அதில் பாதிக்கு மேல் நம்புகிறேன்.

உள்ளே போன பிறகுதான் அந்தச் சங்கம் ஒரு வீடல்ல, நடுவில் சுவர் வைத்த இரண்டு வீடு என்று தெரிந்தது. ஒரு பகுதியினருக்கு அரசு எதிலும் தலையிடாமல் இருந்தால் போதும்: யாரைக் கட்டுவது, என்னத்தைப் புகைப்பது, கடைக்கு முன்னால் எந்தப் பலகையைத் தொங்கவிடுவது, எல்லாம் அவரவர் பாடு. மற்றப் பகுதியினர் தலைமுறை தலைமுறையாக வந்ததை அவசரப்பட்டு அசைக்கக் கூடாது என்பவர்கள். குடும்பம், கோயில், நாட்டின் எல்லை இவைதான் அவர்களுக்கு முக்கியம். சட்டம் அனுமதித்த கஞ்சாக் கடைகளைப் பற்றிய ஒரு கூட்டத்தில் இரு பகுதியும் மோதியதைப் பார்த்தபோது, வெளியிலிருந்து எதிரிகள் யாரும் வரத் தேவையில்லை என்று நினைத்தேன். நான் எதைப் பேசினாலும் அவர்கள் மறித்துக் கேள்வி கேட்டார்கள். அது எனக்குப் பிடித்திருந்தது. பிடிக்காததும் இருந்தது. "இல்லை, உண்மையில் நீ எந்த ஊர்?" என்று ஒருவன் மூன்று தரம் கேட்டான். மூன்று தரமும் ஸ்காபரோ என்றேன்.

சங்கத்தைப் பற்றி வீட்டில் சொன்னபோது அப்பா தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தார். அந்நாட்களில் அவர் மார்க்கம் நகரில் ஒரு வெயர்ஹவுஸில் சாமான் தூக்கும் போர்க்லிப்ட் வண்டி ஓட்டிவந்தார்.

"வந்த புதிசிலை இருக்க வீடு தந்தது அரசாங்கம். நீ பிறந்தது அரசாங்க ஆஸ்பத்திரி. இப்ப நீ அரசாங்கம் சின்னனா இருக்க வேணும் எண்டு சொல்லுறியோ?"

"அப்பிடி முழுக்கச் சொல்லேல்லை அப்பா."

தேத்தண்ணியைக் குடித்து முடித்துக் கோப்பையை வைத்தார். "ஆனா பிள்ளை, கையிலை துவக்கும் குண்டும் வைச்சிருக்கிற அரசாங்கம் சின்னனா இருக்கிறது நல்லதுதான்," என்றார்.

இரண்டாம் ஆண்டில் என்னைச் சங்கக் குழுவில் சேர்த்தார்கள். குழு என்றால் ஐந்து பேர். பண்ணைக்காரன் தலைவர். இறுதியாண்டு மாணவி ஒருத்தி செயலாளர். கெட்டிக்காரி, எந்த வேலையையும் நேரத்துக்கு முடிப்பவள். ஜனவரியில் ஒரு விவாதம் வைக்க முடிவு செய்தோம். ஒரு காலத்தில் இந்த நாட்டில் அகதி விண்ணப்பங்களைக் காகிதத்தில் பார்த்தே நிராகரிக்கும் நடைமுறை இருந்தது. விண்ணப்பித்தவரை நேரே கூப்பிட்டு அவர் வாயால் கேட்காமல் அப்படி முடிவெடுப்பது சரியல்ல என்று பின்னர் உச்ச நீதிமன்றம் சொன்னது. அரசியலமைப்பின் உரிமைகள் சாசனத்தின் சொற்கள் அந்தத் தீர்ப்பைத் தாங்குமா, அல்லது நீதிபதிகள் தங்கள் இரக்கத்தை உள்ளே எழுதினார்களா? அதுதான் தலைப்பு.

யார் எந்தப் பக்கம் என்ற பேச்சு வந்தது. செயலாளர் என்னைப் பார்த்துச் சொன்னாள்:

"நீ தீர்ப்புக்கு எதிராகப் பேசு. அகதிக் குடும்பத்துப் பிள்ளை ஒருத்தியே அப்படிச் சொன்னால், பிறகு யாரும் எங்களைக் குறை சொல்ல முடியாது."

அவள் அதைக் கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை. கதிரையை அந்தப் பக்கம் போடு என்று சொல்வதுபோலச் சொன்னாள். எனக்குக் காது இரண்டும் சுட்டது. பண்ணைக்காரனைப் பார்த்தேன். அவன் தன் முன்னால் இருந்த காகிதத்தைப் பார்த்தான். "யோசித்துச் சொல்கிறேன்," என்று சொல்லி, பையை எடுத்துக்கொண்டு வெளியே வந்தேன்.

சப்வேயிலும் பிறகு பஸ்ஸிலும் ஒரே யோசனை. ஒன்றரை வருடமாக என் வாதங்களுக்காகத்தான் அங்கே இருக்கிறேன் என்று நினைத்திருந்தேன். என் முகத்துக்கும் அங்கே ஒரு உபயோகம் இருந்திருக்கிறது. சிநேகிதிக்கு அன்று நான் ஒன்றும் சொல்லவில்லை. சொன்னால், நான் முதலே சொன்னேன் என்பாள். அவள் முதலே சொன்னதும் உண்மைதான்.

அடுத்த நாள் நூலகத்தில் படித்துக்கொண்டிருந்தபோது பண்ணைக்காரன் வந்து மேசைக்குப் பக்கத்தில் நின்றான். தொப்பியைக் கையில் வைத்துத் திருகிக்கொண்டிருந்தான்.

"நேற்று நான் வாய் திறந்திருக்க வேண்டும்," என்றான். "திறக்கவில்லை. என்னை மன்னித்துக்கொள்."

அவனைப் பேசவிடாமல் அனுப்ப நினைத்திருந்தேன். ஆனால் அவன் சாட்டு ஒன்றும் சொல்லவில்லை. அதுவே எனக்குப் போதுமாக இருந்தது.

"நான் பேசுகிறேன்," என்றேன். "ஆனால் தீர்ப்பின் பக்கம். உங்கள் கொள்கையை வைத்தே பேசுவேன்."

"அப்படியென்றால் எதிர்ப்பக்கம் நான் பேசுகிறேன். விட்டுக்கொடுக்க மாட்டேன்."

"விட்டுக்கொடுத்தால் அன்றோடு நான் சங்கத்தை விட்டுப் போய்விடுவேன்."

அந்த ஞாயிறு மத்தியானம் சாப்பிட்ட பிறகு, அப்பா கூடத்தில் பேப்பரை விரித்து வைத்து நகம் வெட்டிக்கொண்டிருந்தார். அம்மா சமையலறையில் சட்டி கழுவிக்கொண்டிருந்தார். நான் கீழே இருந்து கேட்டேன்.

"அப்பா, உங்கட அகதி ஹியரிங்கிலை என்ன நடந்தது?"

இருபத்துநாலு வயதுவரை நான் அதைக் கேட்டதில்லை. அவர் நகவெட்டியை நிறுத்தி என்னைப் பார்த்தார்.

"ஏன், படிப்புக்கோ?"

"ஓம்."

"பார்க்டேலிலை ஒரு அறைக்குள்ளை ஆறு பேர் இருந்தம். அங்கையிருந்துதான் போனனான். வேறை ஆற்றையோ கோட் ஒண்டைப் போட்டுக்கொண்டு. கை நீளம் காணாது." கையை நீட்டிக் காட்டினார். "மொழிபெயர்க்க ஒருத்தர் வந்தவர். தமிழ்நாட்டுக்காரர். நல்ல மனுசன். ஆனா எங்கட தமிழ் அவருக்குப் பிடிபடேல்லை."

"என்ன பிடிபடேல்லை?"

"செக்பொயின்றிலை அந்த ஒபிசரோட ரெண்டு மணித்தியாலம் கதைச்சனான், அதுக்குப் பிறகுதான் விட்டவன் எண்டு சொன்னனான். அவர் இங்கிலிசிலை சொல்லுறார், ரெண்டு மணித்தியாலம் ஸ்ரோறி சொன்னாராம் எண்டு."

எனக்கு முதலில் சிரிப்பு வந்தது. அப்பாவின் முகத்தைப் பார்த்ததும் நின்றுவிட்டது. எங்கள் ஊர்த் தமிழில் கதைப்பது என்றால் பேசுவது. அந்த மனிதருடைய தமிழில் அது கதை சொல்வது, ஸ்ரோறி. கதை விடுவது என்றால் பொய்.

"தீர்ப்புச் சொல்லுற மனுசி பேனையைக் கீழை வைச்சிட்டா. அந்த ஒபிசருக்கு என்ன ஸ்ரோறி சொன்னனீர் எண்டு கேக்கிறா. எனக்கு அந்த ஒரு சொல்லு மட்டும் விளங்கிச்சுது. கையைத் தூக்கினன். நோ ஸ்ரோறி, மேடம். ரோக். ஒன்லி ரோக் எண்டனான், பேச்சு மட்டும்தான் எண்டு."

"பிறகு?"

"அவ அவரைப் பாத்தா. அவர் என்னட்டைத் திரும்பிக் கேட்டார், கதைக்கிறது எண்டா பேசுறதோ எண்டு. ஓம் எண்டன். அந்தாள் வெக்கப்பட்டுப் போட்டார். ரெண்டு பேரிட்டையும் மன்னிப்புக் கேட்டிட்டு, முதல்லையிருந்து திரும்பச் சொல்லிக் குடுத்தார்."

சமையலறையில் தண்ணீர்ச் சத்தம் நின்றிருந்தது. அம்மாவும் கேட்டுக்கொண்டிருந்தார் என்று நினைக்கிறேன். அவருக்கும் அது புதிதாக இருந்திருக்கலாம்.

"உதெல்லாம் பேப்பரிலை எழுதி அனுப்பியிருந்தா என்ன நடந்திருக்கும் அப்பா?"

"பேப்பர் கை தூக்குமோ பிள்ளை?"

அவர் திரும்பவும் நகம் வெட்டத் தொடங்கினார். நான் கொஞ்சம் பொறுத்து, இதை அங்கே சொல்லலாமா என்று கேட்டேன். பேப்பரை நாலாக மடித்து எழும்பினார்.

"சொல்லு. ஆனா நான் எண்டு சொல்லாதை. எனக்காக ஒருத்தரும் பாவப்படத் தேவையில்லை."

விவாதம் ஒரு புதன்கிழமை மத்தியானம் நடந்தது. வழக்கமாகப் பன்னிரண்டு பேர் வரும் அறையில் அன்று கதிரை போதவில்லை. அகதிகள் சட்ட நிலையத்திலிருந்தும் ஏழெட்டுப் பேர் வந்திருந்தார்கள். சிநேகிதி பின்சுவரில் சாய்ந்து, கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். சாண்ட்விச் தட்டு அவளைத் தாண்டிப் போனது, அவள் தொடவில்லை.

நான் முதலில் பேசினேன். "இந்தச் சங்கம் எனக்குக் கற்றுத்தந்த ஒரு விஷயத்தை மட்டும் செய்யப்போகிறேன். வாசிக்கப்போகிறேன்," என்று தொடங்கினேன். சாசனத்தில் வாக்களிக்கும் உரிமை யாருக்கு? ஒவ்வொரு குடிமகனுக்கும் என்று இருக்கிறது. நாட்டுக்குள் வரவும் தங்கவும் உரிமை யாருக்கு? அங்கேயும் ஒவ்வொரு குடிமகனுக்கும். ஆனால் உயிரையும் சுதந்திரத்தையும் உடலின் பாதுகாப்பையும் பற்றிய பிரிவுக்கு வந்தால், குடிமகன் என்ற சொல்லைக் காணவில்லை. அங்கே ஒவ்வொருவருக்கும் என்று எழுதியிருக்கிறது. எழுதியவர்களுக்கு இரண்டு சொல்லும் தெரியும். ஓரிடத்தில் ஒன்றையும் இன்னோரிடத்தில் மற்றதையும் அவர்கள் தெரிந்துதான் போட்டார்கள். "ஒவ்வொருவருக்கும் என்பதற்குள் குடிமகனுக்கு என்று வாசிப்பவர்தான் தன் விருப்பத்தை உள்ளே எழுதுகிறார்," என்றேன்.

முன்வரிசையில் ஒரு பேராசிரியர் ஏதோ குறித்துக்கொண்டார். எனக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது.

பண்ணைக்காரன் எழும்பினான். சொன்னதுபோலவே அவன் விட்டுக்கொடுக்கவில்லை.

"ஒவ்வொருவருக்கும் என்றால் ஒவ்வொருவருக்கும்தான். அந்தச் சொல்லை அவளுக்குக் கொடுத்துவிடுகிறேன்," என்றான். "ஆனால் அதே பிரிவைக் கடைசிவரை வாசியுங்கள். அடிப்படை நீதியின்படி நடக்க வேண்டும் என்று இருக்கிறது. நேரில் கூப்பிட்டுக் கேட்க வேண்டும் என்று எங்கே இருக்கிறது? அந்த வரியைக் காட்டுங்கள். காகிதத்திலும் நீதியாக நடக்கலாம். எப்படிக் கேட்பது என்பதைப் பாராளுமன்றம் அல்லவா தீர்மானிக்க வேண்டும்?"

கையில் வைத்திருந்த குறிப்பைப் பார்த்தேன். அதில் இதற்குப் பதில் இருந்தது. இரண்டு பழைய தீர்ப்புகளின் பெயர்களும் பக்க எண்களும். அவற்றைச் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை.

"ஒரு மனிதன் இருந்தான்," என்றேன். தண்ணீர் குடித்தேன். பிறகு அந்த விசாரணை அறையை, கை நீளம் போதாத கோட்டை, கதைப்பது என்ற சொல் இரண்டு கரைகளில் இரண்டு பொருள் கொண்டதை, பேனை கீழே வைக்கப்பட்டதை, அவன் கையைத் தூக்கியதை எல்லாம் சொன்னேன். அவன் யார் என்று சொல்லவில்லை. "நீங்கள் சொல்வது சரி, நேரில் என்ற சொல் அந்தப் பிரிவில் இல்லை. நீதி என்ற சொல் இருக்கிறது. ஒருவர் சொன்னது தலைகீழாக மாறிப் போனது அவருக்கே தெரியாமல் முடிவு எழுதப்பட்டால், அதற்கு அந்தச் சொல் பொருந்துமா? நான் எதையும் உள்ளே எழுதவில்லை. அங்கே இருக்கிற சொல்லுக்கு என்ன பொருள் என்று மட்டும் கேட்கிறேன்."

பண்ணைக்காரன் தலையைச் சொறிந்தான். முடிவுரை சொல்ல அவனுக்கு மூன்று நிமிடம் இருந்தது. ஒரு நிமிடத்தில் முடித்தான்.

"முதல் விஷயத்தில் அவள் சொல்வது சரி. இரண்டாவதில் நான் இன்னும் இணங்கவில்லை. ஆனால் இன்று காலை இருந்ததைவிட என் நிச்சயம் குறைந்துவிட்டது."

வாக்கெடுப்பு வைக்கவில்லை. வைத்திருந்தால் யார் வென்றிருப்பார்கள் என்று எனக்குத் தெரியாது. கூட்டம் கலைந்தபோது செயலாளர் என்னிடம் வந்து, "அன்றைக்கு நான் சொன்ன விதம் பிழை," என்றாள். சொன்ன விதமா, சொன்னதா என்று கேட்க வாய் வந்தது. கேட்கவில்லை. அவளுக்கு அந்தளவு சொல்வதே கஷ்டமாக இருந்தது முகத்தில் தெரிந்தது.

வாசலில் சிநேகிதி நின்றாள்.

"அந்த மனுசன் உன்ர அப்பாவோ?"

நான் பையைத் தோளில் மாட்டினேன். அவள் திருப்பிக் கேட்கவில்லை. சட்டென்று என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

"நீ நல்லாக் கதைச்சனி. பட் அவங்கள் இன்னும் திருந்தேல்லை."

"நீ உள்ளை வந்து அதை அவங்களுக்கே சொல்லன்."

அடுத்த மாதக் கூட்டத்துக்கு அவள் வந்தாள். பொலிஸ் தேடுதலைப் பற்றிய பேச்சு. அங்கிருந்த எல்லாரோடும் ஒரு மணித்தியாலம் சண்டை பிடித்தாள். குடும்பம், எல்லை என்று பேசும் பகுதியினரோடு ஒரு விதமாகவும் சுதந்திரக்காரர்களோடு இன்னொரு விதமாகவும் சண்டை பிடித்தாள். காரணமில்லாமல் காரை மறிக்கப் பொலிசுக்கு அதிகாரம் இல்லை என்ற இடத்தில் மட்டும் பண்ணைக்காரனும் அவளும் ஒரே பக்கம் நின்றார்கள். அது இருவருக்குமே பிடிக்கவில்லை. சங்கத்தில் அவள் சேரவில்லை. ஆனால் அதற்குப் பிறகு கூட்டங்களைத் தவறவிடவும் இல்லை.

பண்ணைக்காரன் படிப்பு முடிந்து மேற்கே போய்விட்டான். அவனுடைய மாகாணத்தில் நிலத் தகராறுகளைப் பார்க்கிறான். நத்தார்ப் பண்டிகைக்கு ஒரு வாழ்த்து அனுப்புவான். அந்த இரண்டாவது விஷயத்தில், நேரில் கேட்பதில், இணங்கிவிட்டானா என்று நான் கேட்டதில்லை. நான் ஸ்காபரோவில் ஒரு சின்ன அலுவலகம் வைத்திருக்கிறேன். பெரும்பாலும் நகரசபையின் கட்டளைகளுக்கு எதிராக வருகிற வீட்டுக்காரர்களும் கடைக்காரர்களும்தான் என்னிடம் வருகிறார்கள். நகரசபை மடல் ஒன்றை நீட்டி, "இதைச் செய்யத்தானே வேணும் தங்கச்சி?" என்று கேட்பார்கள். அப்படிச் செய்ய வேண்டும் என்று எங்கே இருக்கிறது, பார்ப்போம் என்று சட்டத்தைத் திறப்பேன். சில நேரம் அங்கே இருக்கும். சில நேரம் இருக்காது.

சிநேகிதி அகதி வழக்குகள் பார்க்கிறாள். போன மாதமும் ஒரு காலை நேரத்தில், விசாரணைக்குப் போகும் வழியில் எனக்குப் போனில் கோல் எடுத்தாள். பின்னால் தெருவில் ஓடும் ஸ்ட்ரீட்கார் ரயிலின் மணி கேட்டது. ஒரு சட்டப் பிரிவை அவசரமாக வாசித்தாள். அதில் 'செய்யலாம்' என்று ஓரிடத்திலும் 'செய்ய வேண்டும்' என்று இன்னோரிடத்திலும் இருந்தது.

"உன்ர ஆக்கள் இதை எப்பிடி வாசிப்பினம்? கெதியாச் சொல்லு, எனக்குப் பதினைஞ்சு நிமிசம்தான் இருக்கு."

"என்ர ஆக்கள் ரெண்டு விதமா வாசிப்பினம்," என்றேன். "முதல் விதத்தைச் சொல்லுறன், எழுது."